இரவும் நிமிடமும்: திறன்பேசிக் காலத்தில் காஞ்சிபுரம் வட்டாரக் கூத்து

ஆய்வுச் சுருக்கம்

திறன்பேசியின் வரவால் நாட்டார் நிகழ்த்துகலைகள் அழிந்து வருகின்றன என்பது ஒரு கருத்து. அதே கருவியால் அவை மறுவாழ்வு பெறுகின்றன என்பது மற்றொரு கருத்து. இரண்டுமே பார்வையாளர் எண்ணிக்கையைக் கொண்டு கலையை அளக்கின்றன. காஞ்சிபுரம் வட்டாரத்தில் வழங்கும் கூத்தை எடுத்துக்கொண்டு, அக்கலையின் அடிப்படை அலகாகிய ‘இரவு’ திறன்பேசியில் எவ்வாறு சிதைகிறது, எவை அதில் தங்குகின்றன, எவை உதிர்கின்றன, அத்துணுக்குகளின் மீது கலைஞருக்குரிய உரிமை யாது என்பவற்றை இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: கூத்து, கட்டைக்கூத்து, திறன்பேசி, காணொளி, கட்டியக்காரன், நிகழ்த்துநர் உரிமை, காஞ்சிபுரம்

முன்னுரை

காஞ்சிபுரம் என்றவுடன் பட்டும் கோயிலும் நினைவுக்கு வரும். நகரையும் அதனைச் சூழ்ந்த முசரவாக்கம் முதலிய சிற்றூர்களையும் உள்ளடக்கிய நிலப்பகுதி கூத்து வழங்கும் தொண்டை மண்டலத்தின் நடுவே அமைந்தது என்பது அவ்வளவாக நினைக்கப்படுவதில்லை. திரௌபதி அம்மன் விழாவில் பகலில் பாரதச் சொற்பொழிவும் இரவில் கூத்தும், நிறைவு நாளில் படுகளமும் தீமிதியும் நிகழ்வது இப்பகுதியின் மரபு. பெருங்கட்டூர் பொ. இராஜகோபால், ஹன்னே எம். டி புரூயின் ஆகியோரின் முயற்சியில் 1990-இல் தோன்றிய கட்டைக்கூத்துச் சங்கமும், காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கலில் அது நடத்திய குருகுலமும் இவ்வட்டாரக் கூத்தை ஆய்வுலகின் கவனத்துக்குக் கொண்டுவந்தன. மரபில் ஆடவர்க்கே உரியதாயிருந்த மேடையில் பெண்பிள்ளைகளும் முறையான பயிற்சியோடு ஏறியது அக்குருகுலத்தின் வழியே.

இக்கலையைத் தெருக்கூத்து என்பதா, கட்டைக்கூத்து என்பதா என்னும் விவாதம் நெடுநாளாக நடந்துவருகிறது. புயக்கட்டை, கிரீடம் முதலிய மர அணிகளால் பெற்ற பெயரே கலைஞர்களுக்கு மதிப்புத் தருவது என்பது ஒரு சாரார் வாதம். ஊர்மக்கள் இரண்டையும் விடுத்து ‘நாடகம்’ என்றே பெரிதும் சொல்வர். குழுக்களும் ‘நாடக மன்றம்’ என்றே பெயர்ப்பலகை வைக்கின்றன. திறன்பேசியின் தேடுபெட்டியோ ஆய்வாளர்களின் விவாதத்துக்குக் காத்திருக்கவில்லை. காணொளியைப் பதிவேற்றுபவர் எச்சொல்லைத் தட்டினால் கிடைக்கும் என்று எண்ணுகிறாரோ அச்சொல்லையே தலைப்பாக்குகிறார். பெரும்பாலும் அது ‘தெருக்கூத்து’. எப்பக்கமும் சாராதிருக்க இக்கட்டுரை ‘கூத்து’ என்னும் பொதுச்சொல்லையே ஆள்கிறது.

மூன்று நிமிடத்தின் முன்கதை

கலை துண்டாவதைத் திறன்பேசி தொடங்கிவைத்ததாகக் கருதுவது வரலாற்றுக்குப் பொருந்தாது. நிமிடத்துக்கு 78 சுற்று சுழன்ற இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் ஏறக்குறைய மூன்று நிமிடமே அடங்கும். விடிய விடிய நடந்த நாடகக் கம்பெனிகளின் பாடல்கள் அந்த அளவுக்குள் சுருங்கியே தமிழ் வீடுகளுக்குள் நுழைந்தன. பல தட்டுகளைச் சேர்த்து முழு நாடகத்தையும் ‘செட்’டாக விற்ற காலமும் இருந்தது. சு. தியடோர் பாஸ்கரனும் ஸ்டீபன் ஹியூஸும் நாடகமேடைக்கும் இசைத்தட்டுக்கும் சினிமாவுக்கும் இடையே நடந்த கொடுக்கல் வாங்கலை விரிவாக எழுதியுள்ளனர். யூடியூப் நிறுவனம் தன் குறுங்காணொளியின் நீளத்தை 2024 அக்டோபரில் ஒரு நிமிடத்திலிருந்து மூன்று நிமிடமாக உயர்த்தியபோது, பழைய இசைத்தட்டின் அளவு ஒரு நூற்றாண்டுக்குப் பின் மீண்டும் வந்தது எனலாம்.

ஒலிநாடா இதற்கும் திறன்பேசிக்கும் இடைப்பட்ட கட்டம். வட இந்திய ஒலிநாடாப் பண்பாட்டைப் பற்றிய தமது 1993-ஆம் ஆண்டு நூலில், குறைந்த முதலீட்டில் இயங்கிய இத்தொழில் பெருநிறுவனங்களின் பிடியிலிருந்து வட்டார இசையை விடுவித்தது என்று பீட்டர் மானுவல் வாதிட்டார். அவ்வாதம் வட தமிழகத்துக்கும் பெரிதும் பொருந்தும். ஆயினும் ஒலிநாடாவுக்கும் பின்வந்த குறுந்தகட்டுக்கும் ஒரு தயாரிப்பாளர் தேவைப்பட்டார். அவர் கலைஞரை அழைத்தார், பேசினார், ஏதோ ஒரு தொகை கொடுத்தார். திறன்பேசியில் அந்த இடைமனிதர் இல்லை. பார்வையாளரே பதிவாளர். 2016 செப்டம்பரில் ஜியோ சேவை தொடங்கியபின் இணையத் தரவின் விலை வீழ்ந்தது. கிராமத்துத் திடலிலிருந்தே காணொளியை அனுப்புவது எளிதாயிற்று. டிக்டாக் செயலியை நடுவண் அரசு 2020 சூன் 29-இல் தடைசெய்தபோது அதில் குவிந்திருந்த ஊர்ப்புறத் துணுக்குகள் மறைந்தன. சில மாதங்களுக்குள் இன்ஸ்டாகிராமும் யூடியூபும் அதே வடிவத்தைத் தம் பெயரில் வழங்கின. செயலி மாறியதே தவிர வடிவம் மாறவில்லை.

அதே 2020 கூத்துக்குக் கொடிய ஆண்டு. மார்ச் 25-இல் தொடங்கிய ஊரடங்கு, பங்குனி முதல் ஆடி வரையிலான விழாக்காலத்தை முழுமையாக விழுங்கியது. ஓர் இரவுக்கு இவ்வளவு என்று கூலி பெற்று வாழும் குழுக்களுக்கு இரவுகளே இல்லாமற் போயின. குருகுலமும் அவ்வாண்டோடு தன் பணியை நிறுத்திக்கொண்டது. அப்பருவத்தில் கூத்து வாழ்ந்த இடம் ஏறத்தாழத் திறன்பேசி மட்டுமே.

இரவு என்னும் அலகு

கூத்தின் அலகு காட்சி அன்று, இரவு. இரவு பத்து மணியளவில் தொடங்கி விடியும்வரை நடப்பது அதன் வழக்கம். ‘அர்ச்சுனன் தபசு’ ஆட்டத்தில் வேடதாரி தபசு மரத்தின் உச்சிக்கு ஏறும்போது கிழக்கு வெளுக்கத் தொடங்கியிருக்கும். மேலிருந்து வீசப்படும் எலுமிச்சையையும் வில்வத்தையும் பிள்ளைவரம் வேண்டும் பெண்கள் மடியில் ஏந்துவர். அந்த ஒளி நாடகத்துக்கு வெளியிலிருந்து வருவது. ஆயினும் நாடகம் அதற்காகவே இரவெல்லாம் காத்திருந்தது. தபசு ஏறும் காட்சியை மட்டும் நான்கு நிமிடக் காணொளியாகக் காண்பவருக்கு உயரம் தெரியும், துணிவு தெரியும், காத்திருப்பு தெரியாது.

இரவின் மற்றொரு கூறு தூக்கம். பாயோடும் போர்வையோடும் வரும் பார்வையாளர் நடுவே உறங்குவதும், உரிய கட்டத்தில் பக்கத்திலிருப்பவர் தட்டி எழுப்புவதும் கூத்தைப் பார்க்கும் முறையின் பகுதிகளே. நிகழ்த்துகலைக் கோட்பாட்டாளர் ரிச்சர்டு ஷெக்னர் இத்தகைய பார்வையைத் ‘தேர்ந்த கவனமின்மை’ என்னும் பொருள்படக் குறிப்பிட்டார். கதை தெரிந்தவர்களின் கலை இது; எங்கு விழிக்கலாம் என்பது அவர்களுக்குத் தெரியும். திறன்பேசியும் எங்கு விழிப்பது என்னும் தேர்வைத் தருவதாகவே தோன்றும். ஆனால் அங்கு தேர்வது பதிவேற்றியவர். அவருக்குப் பின்னே, எது எவ்வளவு நேரம் பார்க்கப்பட்டது என்று கணக்கெடுக்கும் நிரல். பாயில் உறங்கியவர் தவறவிட்ட பகுதியும் அவரைச் சுற்றி நடந்துகொண்டுதான் இருந்தது.

இவ்விடத்தில் இரவை மிகையாகப் போற்றுவதும் தவறாகும். திடலில் யார் எங்கே அமர்வது என்பதைச் சாதி வகுத்த ஊர்கள் உண்டு. திரையரங்கையே சாதி பாராது தமிழர் ஒரே கூரையின்கீழ் அமர்ந்த முதல் நிகழ்த்துக் களம் என்று கார்த்திகேசு சிவத்தம்பி மதிப்பிட்டதன் மறுபக்கம், அதற்கு முந்தைய களங்கள் அவ்வாறு இல்லை என்பதே. திடலின் ஓரத்தில் நிற்க நேர்ந்தவரின் பேரப்பிள்ளை அதே ஆட்டத்தை அண்மைக் காட்சியாகத் தன் கையில் பார்ப்பதை இழப்பு என்று மட்டும் எழுதிவிட இயலாது. நிகழ்த்துகலையின் உயிர் நிகழ்காலத்தில் மட்டுமே என்று பெகி ஃபெலான் 1993-இல் முன்வைத்த புகழ்பெற்ற வாதம், அந்நிகழ்காலத்தில் யாருக்கு முன்னிருக்கை கிடைத்தது என்னும் கேள்வியைத் தமிழ்ச் சூழலில் எதிர்கொண்டே ஆகவேண்டும்.

நிமிர்ந்த சட்டகம்

திறன்பேசியை நிமிர்த்திப் பிடித்து எடுக்கும் காணொளியின் சட்டகம் ஒடுங்கி உயர்ந்தது. நின்றிருக்கும் ஒரு மனித உடலுக்கு அளவெடுத்தாற்போன்றது. கூத்தின் உடலோ அகலமானது. கட்டை வேடத்தின் இலக்கணமே அகலத்தில் இருக்கிறது. தோளின் இருபுறமும் விரியும் புயக்கட்டைகள், மார்பை மறைக்கும் பதக்கம், இடையிலிருந்து விரியும் பாவாடை ஆகியவை குறைந்த வெளிச்சத்தில், தொலைவில் அமர்ந்தவருக்கு அரசனை மனிதனினும் பெரியவனாகக் காட்டுவதற்கென்றே அமைந்தவை. துரியோதனன் சுழன்று கிறுக்கி அடிக்கும்போது அவ்வணிகளின் வீச்சு களம் முழுவதையும் நிரப்பும். நிமிர்ந்த சட்டகத்தில் அவ்வேடம் ஒன்று தோளறுபட்டு நிற்கும்; இல்லையேல் முழுமையும் அடங்கும்பொருட்டுப் பொம்மையளவாகச் சுருங்கும். அண்மைக்குச் சென்றால் முகப்பூச்சின் வெடிப்பும் அரிதாரத்தில் வழியும் வியர்வையும் தெரியுமே ஒழிய அரசன் தெரியமாட்டான்.

இதனால் எளிதில் பயன்பெறுவன கட்டை அணியாத வேடங்கள். கட்டியக்காரனும் பெண்வேடமும் நிமிர்ந்த சட்டகத்துக்குள் சிரமமின்றிப் பொருந்துவர். குறுங்காணொளிகளில் நகைச்சுவையும் திரைப்பாடல் மெட்டுக்கான ஆட்டமும் மிகுந்திருப்பதற்கு இளைஞரின் ரசனைக் குறைவைக் காரணம் காட்டுவோர் சட்டகத்தின் வடிவத்தையும் கணக்கில் கொள்ளவேண்டும். எந்த அணியால் இக்கலைக்குக் கட்டைக்கூத்து என்று பெயர் வந்ததோ அவ்வணிக்கே இப்புதிய திரையில் இடம் குறைவு.

சட்டகத்துக்கு வெளியே போகும் இன்னொரு கூட்டமும் உண்டு. களத்தின் பின்புறம் அமர்ந்து ஆர்மோனியம், மிருதங்கம், முகவீணை, தாளம் ஆகியவற்றை இசைப்போரும் பின்பாட்டுக்காரரும் பெரும்பாலான துணுக்குகளில் குரலாக மட்டுமே எஞ்சுகின்றனர். கூத்தர் பாடிய அடியைப் பின்பாட்டு வாங்கித் திருப்பித் தரும்போதுதான் அவருக்கு ஆடுவதற்கு இடம் கிடைக்கிறது. அந்தக் கைமாற்றம் கண்ணுக்குப் படாதபோது, கூட்டுக்கலை தனிநபர் திறமையாகத் தோற்றம் கொள்கிறது. கூத்தில் ‘நட்சத்திரம்’ என்னும் கருத்து இதனால் வலுப்பெறுவதை மறுப்பதற்கில்லை.

கட்டியக்காரனின் சிரிப்பு

கட்டியக்காரன் பாரதத்துக்கும் அன்றைய ஊருக்கும் இடையே நிற்பவன். அரசனின் வாயிற்காவலனாக வரும் அவனே அவ்வூர்ச் சாலையின் குழியையும், விழாக்குழுவின் சிக்கனத்தையும், முன்வரிசையில் குறட்டை விடுபவரையும் பேசுவான். அவனுக்குக் கிடைத்த உரிமம் அந்த இரவுக்கும் அந்தத் திடலுக்கும் மட்டுமே உரியது. பகடிக்கு இலக்கானவர் எதிரே அமர்ந்திருக்கிறார். அவர் சிரித்தால் பகடி நிறைவடைகிறது. முகம் சுளித்தால் அடுத்த வரியிலேயே கட்டியக்காரன் அதைத் திருப்பிவிடுவான். அத்திருத்தம் ஆட்டத்துக்குள்ளேயே நடந்துவிடும்.

துணுக்கில் இந்த ஒப்பந்தம் இல்லை. நாற்பது நொடிப் பகடி, இலக்கானவரின் முகத்தையும் பின்வந்த சமாதானத்தையும் விட்டுவிட்டு, அவ்வூரை அறியாதவரிடம் போய்ச் சேர்கிறது. சாதியையோ கட்சியையோ தொட்ட ஒரு சொல் அங்கு பகடியாகாமல் அறிக்கையாகிவிடும். இதை உணர்ந்த கட்டியக்காரன் முன் இரு வழிகளே உள்ளன. எவ்வூருக்கும் பொருந்தும், எவரையும் தொடாத, திரைப்படத்திலிருந்தும் தொலைக்காட்சியிலிருந்தும் கடன்பெற்ற பொதுநகைச்சுவை ஒரு வழி. பகிரப்படுவதற்கென்றே கூர்மைப்படுத்தப்பட்ட இரட்டைப்பொருள் மற்றொரு வழி. இணையத்தில் கிடைக்கும் துணுக்குகளில் இரண்டும் ஏராளம். ஊரின் பெயர் சொல்லி ஊரையே நோக்கிப் பேசும் பகுதி அரிது. அதைத் திடலில் கேட்கலாம். பதிவேற்றுபவர் அதை வெட்டிவிடுகிறார், ஏனெனில் வெளியூராருக்கு அது விளங்காது. ஆக, பொருள் மிகுந்த பகுதியே முதலில் உதிர்கிறது.

‘துகில்’ ஆட்டத்தில் இதன் கடுமை இன்னும் தெளிவு. திரௌபதி அம்மன் விழாவில் அவ்வேடதாரி நடிகர் மட்டுமல்லர். அவ்வேளையில் அவரிடம் அம்மனையே காண்போர் திடலில் உள்ளனர். கற்பூரம் ஏற்றி வழிபட்டு, பிழைபொறுக்க வேண்டிய பின்னரே துச்சாதன வேடதாரி புடவையைப் பற்றும் வழக்கம் பல குழுக்களில் உண்டு. ரிச்சர்ட் ஃப்ராஸ்காவின் 1990-ஆம் ஆண்டு நூலும் ஆல்ஃப் ஹில்டபைட்டலின் திரௌபதி வழிபாடு பற்றிய தொகுதிகளும் கூத்தையும் சடங்கையும் பிரித்தறிய இயலாத இத்தகைய கணங்களையே மையமாகக் கொண்டவை. வெட்டும்போது கற்பூரமும் மன்னிப்பும் போய்விடும். ஓர் ஆணுடல் பெண்ணாக நின்று ஆடை உருவப்படும் காட்சியே எஞ்சும். அதுவே முகப்புப் படமாகவும் ஆகிவிடுகிறது. சடங்கு தடுத்துவைத்திருந்த பார்வையைத் துணுக்கு அழைத்துவருகிறது என்று கூறுவது மிகையாகாது.

தறியும் செவியும்

இதற்கு நேர்மாறான பயன்பாடு ஒன்றும் உள்ளது. ஐந்து, ஆறு மணி நேரம் ஓடும் முழு இரவுக் காணொளிகளும் யூடியூபில் பல உள்ளன. இவற்றை ஒருவர் உட்கார்ந்து பார்ப்பார் என்று எதிர்பார்ப்பதற்கில்லை. ஆனால் காஞ்சிபுரம் போன்ற நெசவு வட்டாரத்தில் அவற்றுக்கு இயல்பான இடம் உண்டு. குழித்தறியில் அமர்ந்தவருக்குக் கையும் காலும் கண்ணும் வேலையில் இருக்கும். செவி மட்டுமே ஓய்ந்திருக்கும். வானொலியும் பின்னர் ஒலிநாடாவும் அச்செவியை நம்பியே தறிக்கூடத்துக்குள் வந்தன. அவ்விடத்தில் வைக்கப்படும் திறன்பேசி திரையாகச் செயற்படுவதில்லை; பழைய வானொலியின் தொழிலையே செய்கிறது. அங்கு ஒலிக்கும் ‘கர்ணமோட்சம்’ ஓர் உழைப்பு நாளின் நீளத்துக்குத் தன் நீளத்தை மீட்டுக்கொள்கிறது. சட்டகத்தில் காணாமற்போன பின்பாட்டுக்காரரும் முகவீணைக்காரரும் இங்கே முழுமையாக இருக்கின்றனர். திறன்பேசி கூத்தைக் குறுக்குகிறது என்னும் பொதுக்கூற்றை ஏற்பதற்குமுன், எந்தத் திறன்பேசி, எவர் கையில், எந்த வேலையின் நடுவே என்று கேட்கவேண்டியுள்ளது.

உரிமை

காணொளியின் மேல் குழுவின் பெயரும் தொடர்பு எண்ணும் இடம்பெறுவது இன்று பரவலான வழக்கம். கூத்துத் தொழில் பரம்பரை முறையிலிருந்து, தாம்பூலமும் முன்பணமும் கொடுத்துப் பேசும் ஒப்பந்த முறைக்கு மாறியதை டி புரூயின் தமது 1999-ஆம் ஆண்டு நூலில் விவரித்துள்ளார். அம்மாற்றத்தின் தொடர்ச்சியாகவே இவ்வெண்ணைக் காணவேண்டும். எட்டாத ஊரிலிருந்தும் அழைப்பு வர இது உதவுகிறது. குழுக்கள் பதிவைத் தடுக்காமலிருப்பதற்கு இதுவே முதற்காரணமாகலாம். ஆனால் விளம்பரம் கிடைப்பது வேறு, உரிமை இருப்பது வேறு.

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957, நிகழ்த்துநர் என்பதை வரையறுக்கும்போது நடிகர், பாடகர், இசைஞர், ஆடற்கலைஞர் ஆகியோருடன் கழைக்கூத்தாடியையும் பாம்பாட்டியையும் கூடச் சேர்த்துக்கொள்கிறது. கூத்துக் கலைஞர் அதில் அடங்குவது ஐயத்துக்கு இடமற்றது. 1994-ஆம் ஆண்டுத் திருத்தம் இவர்களுக்கு நிகழ்த்துநர் உரிமையைத் தனியே அளித்தது. நிகழ்ச்சி நடந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கம் முதல் 50 ஆண்டுகள் அது நிலவும். 2012-ஆம் ஆண்டுத் திருத்தம் இரண்டு தார்மிக உரிமைகளைச் சேர்த்தது. தம்மை இன்னார் என்று அடையாளம் காட்டக் கோருவது ஒன்று. தம் புகழுக்குக் கேடு தரும் வகையில் நிகழ்ச்சியைத் திரிப்பதையும் சிதைப்பதையும் தடுப்பது மற்றொன்று. மேலே கண்ட ‘துகில்’ துணுக்கு இவ்விரண்டையும் ஒருங்கே மீறும். திரௌபதியாக நின்றவரின் பெயர் அதில் இல்லை. அவரது ஆட்டம் எதிர்ப்பொருளில் வெட்டப்பட்டிருக்கிறது.

நடைமுறையில் ஒப்புதலை எவரிடம் பெறுவது என்பதே தெளிவாக்கப்படவில்லை. விழாக்குழு அனுமதித்தது என்பர்; விழாக்குழுவுக்கு அவ்வுரிமை இல்லை. குழுத்தலைவர் சம்மதித்தாலும் பின்பாட்டுக்காரரின் உரிமை தனியே நிற்கும். கலைஞர்களில் பலர் நிலமற்ற, ஒடுக்கப்பட்ட சமூகங்களைச் சேர்ந்தவர்கள். அடுத்த பருவத்தில் தாம்பூலம் தரவேண்டிய ஊரைச் சேர்ந்த இளைஞரின் அலைவரிசையை எதிர்த்து அவர்கள் வழக்குத் தொடுப்பார்கள் என்று எண்ணுவது சட்டநூலை மட்டும் படித்தவரின் கற்பனை. விளம்பர வருவாயில் ஒரு பங்கைத் தாம்பூலத்தோடு சேர்த்துப் பேசிக்கொள்ளும் வழக்கத்தைக் குழுக்களின் சங்கங்கள் உருவாக்குவதே நடக்கக்கூடியது.

ஆய்வாளரின் கையில்

இச்சட்டத்தின் 39-ஆம் பிரிவு, சொந்தப் பயன்பாட்டுக்கும் நேர்மையான கற்பித்தலுக்கும் ஆய்வுக்கும் செய்யப்படும் பதிவை உரிமை மீறலாகக் கருதுவதில்லை. தமிழ்த்துறைகளின் ஆய்வேடுகளுக்காகக் கைப்பேசியில் எடுக்கப்படும் பதிவுகள் இவ்விலக்கின் நிழலில் நிற்கின்றன. அதே பதிவை ஆய்வு முடிந்தபின் பொதுவில் ஏற்றும்போது அந்நிழல் விலகுகிறது.

இதினும் பெரிய சிக்கல், களத்துக்குச் செல்லாமல் யூடியூப் காணொளியையே களத்தரவாகக் கொள்ளும் போக்கு. கூத்துக்கு நிலைத்த பனுவல் இல்லை. வாத்தியாரின் கையெழுத்துப் பிரதியும் பெரிய எழுத்துப் பதிப்புகளும் ஒருபுறம் இருக்க, ஒவ்வோர் இரவும் ஒரு பாடம். அச்சுப் பாடத்தை ஒப்பிடும்போது பதிப்பாளர், ஆண்டு, பிரதி என்று நுணுகிப் பார்க்கும் ஆய்வுலகம், காணொளியைப் பொறுத்தவரை பார்வை எண்ணிக்கையோடு நின்றுவிடுகிறது. பதிவேற்றிய நாள் நிகழ்த்திய நாளாகாது. விழாவில் ஆடியதா, கருமாதியில் ஆடியதா என்பது தெரியாமல் ஒரு ‘கர்ணமோட்ச’க் காணொளியின் ஒப்பாரிப் பகுதியை விளக்க இயலாது. இறந்தவருக்காக ஆடும்போது கர்ணனின் தாய் அழும் அழுகை அவ்வீட்டின் அழுகையோடு கலந்துவிடும். பாடல் நீளும், சில வேளை இறந்தவரின் பெயரும் உள்ளே வரும். அக்காணொளியின் கீழ் ‘கர்ணமோட்சம், பகுதி 7’ என்று மட்டுமே இருக்கும். எந்த ஊர், எந்த வாத்தியார், எவருக்காக என்று கேட்டறிய அதன் மேலுள்ள தொடர்பு எண் ஒன்றே வழி.